நிழல் ஒன்றா, இரண்டா?

ஏப்ரல் மூன்றாம் வாரத்து நண்பகலில் சேலம் கோட்டைப் பகுதியில் ஒரு முழக் குச்சியை நட்டுப் பாருங்கள். சூரியன் நேர் உச்சியில் நிற்கும் நாள்கள் அவை. நிழல் குச்சியின் காலடியிலேயே அடங்கிவிடும். பிறகு மெல்லக் கிழக்கே நீளும். மூன்றேகால் மணி தாண்டியதும் நிழலும் ஒரு முழம் ஆகும். காயல்பட்டினத்துப் பெரியவர் ஒருவர் பக்கத்தில் இருந்தால், "அஸர் நேரம் வந்துவிட்டது" என்று பிற்பகல் தொழுகையைச் சொல்வார். சேலத்து ராவுத்தரோ, "பொறுங்கள், இரண்டு முழம் ஆகட்டும்" என்பார். அதற்கு நாலரை மணியைத் தாண்ட வேண்டும். முன்னவர் ஷாபிஈ மத்ஹபு என்னும் சட்ட மரபினர், பின்னவர் ஹனபி மத்ஹபினர்.

இந்த ஒன்றேகால் மணி நேர வித்தியாசத்துக்குள் ஓர் அறிவுலகமே இருக்கிறது. இரண்டு நிழல் என்று சொன்னவர் இமாம் அபூ ஹனீபா. அவருடைய தலைமாணாக்கர்களான அபூ யூசுபும் முஹம்மது ஷைபானியும் ஒரு நிழல் போதும் என்றார்கள். ஆசிரியரை மறுத்த அவர்களை அந்த மரபு வெளியே தள்ளவில்லை. மூவரின் கருத்தையும் ஒரே கிதாபில் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைத்து இன்றும் ஓதிக்கொடுக்கிறது. கருத்து வேறுபடலாம், அதற்கு அளவை இருக்க வேண்டும் என்பதே இடைக்கால இஸ்லாமியச் சிந்தனையின் உயிர்நாடி என்று நான் கருதுகிறேன். அந்த அளவைகளின் கதைதான் இந்தக் கட்டுரை.

கரையும் சமவெளியும்

தமிழகக் கடற்கரைக்கு இஸ்லாம் அரபுக் கப்பல்களில் வந்தது. ஏமனோடும் மலபாரோடும் இருந்த உறவால் காயல்பட்டினமும் கீழக்கரையும் ஷாபிஈ வழியில் நின்றன. உள்நாட்டுக்கு அது குதிரைப் பாதையில், துருக்கியர், தக்காணச் சுல்தான்கள், பின்னர் ஆற்காடு, மைசூர் ஆட்சிகள் வழியே வந்தது. அவர்கள் ஹனபி வழியினர். சேலம், நாமக்கல், ராசிபுரம் பக்கத்துத் தமிழ் பேசும் ராவுத்தர்களும் உருது பேசும் தக்கினிக் குடும்பங்களும் பெரும்பாலும் ஹனபிகளே. திருமணிமுத்தாற்றங்கரை ஜாமிஆ பள்ளிவாசலில் திப்பு சுல்தான் தொழுதார் என்று ஊரார் சொல்வார்கள். சங்ககிரிக் கோட்டையில் தஸ்தகீர் பெயரால் ஓர் இடம் இருக்கிறது. தஸ்தகீர் என்றால் கைகொடுத்துத் தூக்குபவர். 1166இல் பாக்தாதில் மறைந்த அப்துல் காதிர் ஜீலானியைத்தான் அப்படி அழைக்கிறார்கள். சங்ககிரிக் கல்லில் ஒரு காலும் பாக்தாதில் ஒரு காலுமாக நிற்கிறது நம் ஊர் மரபு.

சட்டத்தின் அளவை

அபூ ஹனீபா (மறைவு 767) கூபா நகரத்துத் துணி வணிகர். நடக்காத வழக்கையும் நடந்ததாக வைத்து, "அப்படி நேர்ந்தால் என்ன செய்வது?" என்று மாணாக்கர்களோடு வாதாடித் தீர்ப்புக் கண்டவர். மதீனாவின் இமாம் மாலிக் (மறைவு 795) நபிகளாரின் ஊர் வழக்கத்தையே பெருஞ்சான்றாகக் கொண்டார். மாலிக்கிடம் பாடம் கேட்டு, ஷைபானியின் நூல்களையும் கற்ற இமாம் ஷாபிஈ (மறைவு 820) 'ரிஸாலா' என்ற நூலில் சான்றுகளை வரிசைப்படுத்தினார். முதலில் குர்ஆன், அடுத்து நபிவழி, பிறகு அறிஞர்களின் ஒருமித்த முடிவு, கடைசியில் ஒப்புநோக்கிக் காணும் கியாஸ். நான்காவது மத்ஹபின் தலைவர் அஹ்மது இப்னு ஹன்பல் (மறைவு 855). அவரைப் பற்றிச் சொல்ல வேண்டிய இடம் அடுத்து வருகிறது.

அறிவின் அளவை

பெரும்பாவம் செய்தவன் முஸ்லிமா, இல்லையா? பஸ்ராவில் ஹசன் பஸரீ அவர்களின் சபையில் எழுந்த இந்தக் கேள்வியில், இரண்டுக்கும் நடுவே ஒரு நிலை உண்டு என்று சொல்லி வாசில் இப்னு அதா எழுந்து ஒதுங்கினார் என்பது மரபுக் கதை. 'ஒதுங்கியோர்' என்ற பொருளில் முஃதஸிலா என்ற பெயர் நின்றது. இறைவன் நீதியாளன், நன்மை தீமையை அறிவே அறியும் என்றெல்லாம் வாதிட்ட கூட்டம் அது. ஆனால் கலீபா மஃமூன் அவர்கள் பக்கம் சாய்ந்தார். 833இல், குர்ஆன் படைக்கப்பட்டது என்று ஒப்புக்கொள்ளும்படி காஜிகள் என்னும் நீதிபதிகளை நெருக்கினார். மறுத்த இப்னு ஹன்பல் சிறையில் கிடந்தார், அடுத்த கலீபாவின் காலத்தில் சவுக்கடியும் பட்டார். அறிவின் பெயரால் பேசிய கட்சி அடிக்கோலை எடுத்தது. அன்றோடு மக்களிடம் அதன் மதிப்புப் போயிற்று.

அந்தக் கட்சியிலிருந்தே வெளியே வந்த அபுல் ஹசன் அஷ்அரீ, அவர்களிடம் கற்ற தர்க்கத்தைக் கொண்டே பழைய நம்பிக்கையைக் காத்தார். அதே தலைமுறையில் சமர்கந்தில் அபூ மன்சூர் மாதுரீதி (மறைவு 944) இதே வேலையை, பகுத்தறிவுக்கு இன்னும் சற்று இடம் விட்டுச் செய்தார். பொதுவாக ஷாபிஈகள் அஷ்அரீயையும் ஹனபிகள் மாதுரீதியையும் பின்பற்றுகிறார்கள்.

அரபிக் கல்லூரி மாணவர் கையில் இருக்கும் ஒரு பக்கத்தைக் கிட்டே போய்ப் பார்ப்போம். நடுவில் நஸபீ (மறைவு 1142) எழுதிய கொள்கை மூலம், வரி வரியாக. அதனோடு பின்னி வருவது தஃப்தாஸானீ (மறைவு 1390) செய்த விரிவுரை. ஓரங்களில், சில இடங்களில் சாய்வாகவும் தலைகீழாகவும், பின்வந்தவர்களின் குறிப்புகள். ஒரே தாளில் பல நூற்றாண்டுகள் உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்கின்றன. "இப்படி ஆட்சேபித்தால், நாம் இப்படிச் சொல்வோம்" என்ற போக்கிலேயே உரை நகரும்.

அந்த மூலம் தொடங்கும் இடம் வியப்பானது. இறைவனைப் பற்றிப் பேசுமுன், பொருள்கள் உண்மையாகவே இருக்கின்றன, அவற்றை அறியவும் முடியும் என்று நிலைநாட்டுகிறது. அறியும் வாயில்கள் மூன்று என்கிறது: குறையற்ற புலன்கள், உண்மையான செய்தி, அறிவு. தமிழ்ப் படித்தவர்களுக்கு இது எங்கோ கேட்டது போலிருக்கும். காட்சி, கருதல், உரை என்ற நம் அளவைகளே இவை. 13ஆம் நூற்றாண்டில் அருள்நந்தி சிவாசாரியாரும் சைவ நூலான சிவஞான சித்தியாரின் சுபக்கத்தை அளவையில்தான் தொடங்கினார். ஒருவர் மற்றவரைப் படித்திருக்க வழியில்லை. அளக்காமல் கொள்கை பேசக்கூடாது என்ற எண்ணம் இரண்டு மண்ணிலும் தானாக விளைந்திருக்கிறது.

பரபக்கம் எழுதிய இமாம்

கிரேக்க நூல்கள் பாக்தாதில் அரபு மொழிக்கு வந்தபின் மெய்யியலார் எழுந்தனர். கிந்தீ தொடங்கினார், பாராபீ (மறைவு 950) வளர்த்தார், மருத்துவராகவும் புகழ்பெற்ற இப்னு சீனா (980–1037) உச்சத்துக்குக் கொண்டுபோனார். இருக்கும் பொருள்கள் எல்லாம் இல்லாமலும் போகக்கூடியவை. அப்படியானால் இல்லாமற்போகவே முடியாத ஒன்று இருந்தாக வேண்டும். இது அவருடைய வாதத்தின் சாரம்.

அவரை எதிர்க்கப் புறப்பட்டவர் இமாம் கஸ்ஸாலீ (1058–1111). அவர் முதலில் செய்தது என்ன? மெய்யியலாரின் கொள்கைகளை அவர்களே மெச்சும்படி ஒரு நூலாக எழுதினார். லத்தீனில் அதைப் படித்த ஐரோப்பியர் அவரையும் மெய்யியலாரில் ஒருவர் என்றே நினைத்தார்கள். சித்தியார் பரபக்கம்போல, எதிராளி சொல்வதை நேர்மையாக எடுத்துவைத்த பிறகே மறுப்பு. அடுத்த நூலில் 20 கேள்விகளை எடுத்து, 17இல் அவர்கள் பிழைபட்டார்கள் என்றும், 3இல் மட்டும் நம்பிக்கைக்கு வெளியே போனார்கள் என்றும் பிரித்தார். உலகம் அநாதி என்பது, இறைவன் தனித்தனிப் பொருளை அவ்வாறே அறிவதில்லை என்பது, உடலோடு எழுப்பப்படுவதை மறுப்பது ஆகியவை அந்த மூன்று. முடிவுகளைத் தள்ளினாரே தவிர, அவர்கள் அளந்த கோலை எறியவில்லை. மன்திக் என்னும் தர்க்கத்தைச் சட்டக்கலைக்குள்ளேயே கொண்டுவந்து வைத்தவர் அவர்.

பதில் ஸ்பெயினிலிருந்து வந்தது. கஸ்ஸாலீக்கு வரிக்கு வரி மறுப்பு எழுதிய இப்னு ருஷ்து (1126–1198) ஒரு காஜியும்கூட. மத்ஹபுகள் எங்கே வேறுபடுகின்றன, ஏன் வேறுபடுகின்றன என்று காரணத்தோடு விளக்கும் பெருஞ்சட்ட நூலும் அவர் எழுதியதே.

உள்ளத்தின் அளவை

கஸ்ஸாலீ 1095இல் பாக்தாத் பேராசிரியர் பதவியை விட்டுவிட்டு நடந்தார். சட்டம் உடலை அளக்கிறது, தர்க்கம் சொல்லை அளக்கிறது, உள்ளத்தை அளப்பது எது என்பது அவர் கேள்வி. சூபிகளின் தரீக்காக்கள் என்னும் ஆன்மிக வழிகளில் அந்த அளவை, ஷெய்க் என்னும் குருவின் கண். இப்னு அரபீ (1165–1240) உள்ளது ஒன்றே என்ற கருத்தைச் சொன்னார். சர்ஹிந்தைச் சேர்ந்த அஹ்மது சர்ஹிந்தீ (1564–1624), அது காண்பவனின் அனுபவமே, உள்ள நிலை ஆகாது என்றார். தக்கலை பீர் முகம்மது அப்பாவும் குணங்குடி மஸ்தான் சாகிபும் இந்தச் சூபிக் கடலில் மூழ்கித் தமிழில் எழுந்தவர்கள். அதற்கும் முன்பே, 1572இல் மதுரையில் அரங்கேறிய ஆயிர மசலா, கேள்வி பதிலாகவே மார்க்கத்தைத் தமிழில் தந்தது. மசலா என்றால் கேள்வி.

சென்னைக்கு வந்த கடல்

இத்தனையும் நம் பக்கம் பாடமாக வந்து சேர்ந்த வழிகளில் ஒன்றைச் சொல்ல வேண்டும். லக்னோவில் முல்லா நிஜாமுத்தீன் (மறைவு 1748) வகுத்த பாடத்திட்டம் 'தர்ஸே நிஜாமி'. அவருடைய மகன் அப்துல் அலி ஊர் ஊராகக் கற்பித்துவிட்டு, நவாப் முகம்மது அலி வாலாஜா அழைக்கச் சென்னை வந்தார். கல்விகளின் கடல் என்ற பொருளில் 'பஹ்ருல் உலூம்' என்று பெயர் பெற்றவர். தர்க்கத்துக்கும் சட்டக்கலைக்கும் ரூமியின் மஸ்னவிக்கும் உரை எழுதிய கை ஒன்றே. 1792இல் சேலம் மைசூரிடமிருந்து கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கைமாறிய அதே தலைமுறையில், 1810இல் மறைந்து, திருவல்லிக்கேணி வாலாஜா பள்ளிவாசலில் அடங்கியிருக்கிறார். பிறகு வேலூரில் அப்துல் வஹ்ஹாப் ஹஜ்ரத் நிறுவிய பாகியாத்துஸ் ஸாலிஹாத்தில் தர்ஸே நிஜாமி வேரூன்றியது. நம் பள்ளிவாசல் ஹஜ்ரத்துகளின் பெயருக்குப் பின்னால் வரும் 'பாகவி' அங்கே ஓதியதன் முத்திரை. செவ்வாய்ப்பேட்டை வெள்ளிப் பட்டறையில் கொலுசைக் கையில் எடுத்ததும் "எத்தனை டச்?" என்று தூய்மையைக் கேட்பார்களே, அதுபோல. இவர் யாரிடம் ஓதினார், அவர் யாரிடம் ஓதினார் என்ற சங்கிலிதான் இந்த மரபின் டச்.

காயல்பட்டினத்துப் பெரியவரிடம் திரும்புவோம். வியாபாரமாகச் சேலம் வந்தவர், ஐந்து மணி ஜமாஅத்தில் ஹனபி இமாமின் பின்னால்தான் அஸர் தொழுகிறார். அவர் கணக்கில் நேரம் எப்போதோ வந்துவிட்டது, இருந்தும் காத்திருக்கிறார். மஃரிப் என்னும் அந்தித் தொழுகையில் இமாம் பாத்திஹா சூராவை ஓதி முடித்ததும் அவர் 'ஆமீன்' என்று வாய்விட்டுச் சொல்கிறார். தோளோடு தோள் நிற்கும் ராவுத்தர் அதே ஆமீனை வாய்க்குள்ளேயே சொல்லிக்கொள்கிறார்.