கண்ணின் வெள்ளையில் எழுத்து

படத்தில் எழுத்து இருந்தால் கண் முதலில் அதை வாசிக்கத்தான் ஓடும். பாரசீகம் தெரியாத எனக்கு ஈரானியக் கலைஞர் ஷிரின் நெஷாத்தின் படங்களில் அந்த வழி அடைபட்டுப் போனது. ஒருவகையில் நல்லதுதான், கையின் பொறுமை மட்டும் கண்ணில் நின்றது. 1993இல் அவர் தொடங்கிய ‘அல்லாவின் பெண்கள்’ வரிசை கறுப்பு வெள்ளைப் புகைப்படங்கள். கறுப்பு அங்கி, இமைக்காத பார்வை, அச்சிட்ட படத்தின் மேல் மையால் எழுதிய பொடி எழுத்துகள். தள்ளி நின்றால் உள்ளங்கையில் மருதாணி இட்டதுபோல இருக்கும். கிட்டப் போனால்தான் அத்தனையும் கவிதை வரிகள் என்று புரியும். ஒரு படத்தில் கண் மட்டும். கருவிழியைச் சுற்றி, வெள்ளைப் பகுதியில் ஈரானியக் கவிஞர் ஃபரோக் ஃபரோக்ஸாதின் வரிகள். அந்த இடத்தில் எழுத எத்தனை நிதானம் வேண்டும்! பக்கத்தில் துப்பாக்கி வரும் படங்களைவிட எனக்கு இந்த ஒற்றைக் கண்தான் பிடிக்கும்.

நெஷாத்தின் ‘டர்புலன்ட்’ (1998) எதிரெதிர் இரண்டு திரைகளில் ஓடும் குறும்படம். ஒரு திரையில் ஆண் பாடுகிறான்; அவன் முதுகுக்குப் பின்னால் அரங்கு நிறைய ஆண்கள், கைதட்டல். மற்றதில் காலி நாற்காலிகளுக்கு முன்னால் ஒரு பெண். ஈரானில் ஆண்கள் முன்னிலையில் பெண் தனித்துப் பாடத் தடை. அவள் பாட்டில் சொல்லே கிடையாது. மூச்சு, முனகல், கேவல், திடீரென்று தொண்டையைக் கிழித்து எழும் ஒலி. அதுவரை அசையாமல் இருந்த கேமரா அவளைச் சுற்றத் தொடங்குகிறது. பாடகி சூசன் டெய்ஹிமின் குரல் அது. எதிர்த்திரையில் ஆண் வாயடைத்து நிற்கிறான். அவள் முடிக்கும்போது கைதட்ட அங்கே ஆளில்லை.