ஒட்டவைத்த வளையம்

உர்சுலா லெ குவின் படைத்த எர்த்சீ உலகில் சமாதானத்துக்கென்று ஒரு மந்திரக் குறி இருக்கிறது. கைவளையம் ஒன்றில் பொறித்தது. வளையம் ரெண்டாக உடைந்தபோது குறியும் உடைந்தது. அது இல்லாமல் எந்த அரசனும் நல்லபடியா ஆளமுடியாது என்பது கதை.

1971இல் வந்த 'அட்டுவானின் கல்லறைகள்' நாவலில் கெட், டெனார் ரெண்டு பேரும் பாதிகளைச் சேர்க்கிறார்கள். ஒரு பாதி எங்கிருந்து வந்தது? சின்ன வயசிலேயே கூடப்பிறந்தவனோடு மணல்திட்டில் கொண்டுபோய் விடப்பட்டு, பேச்சே மறந்துபோன கிழவி கொடுத்தது. தள்ளிவைக்கப்பட்டவள் கையில்தான் சமாதானம் இருந்தது என்று நான் சந்தோஷப்பட்டேன். அதற்குள் அவளும் அரசகுலம்தான் என்கிறார் லெ குவின். இது எனக்குப் பிடிக்கல. செம்பழுப்பு நிறக் கெட்டை 2004இல் தொலைக்காட்சித் தொடர் வெள்ளையனாக்கியபோது கண்டித்து எழுதியவர்தான் இவர்.

ஆனால் 1990இல் 'டெஹானு' எழுதினார். வளையம் ஒட்டி எத்தனையோ வருசம் கழித்து, ஒரு சிறுமியைப் பெற்றவனும் கூட இருந்தவர்களும் சீரழித்து நெருப்பில் தள்ளுகிறார்கள். குறி ஏன் அவளைக் காக்கல? நம்ம ஊர்ச் சமாதானக் கூட்டங்கள் ஞாபகம் வந்தன: கையெழுத்து விழும், எரிந்த குடிசை எரிந்தபடியே கிடக்கும். அரசன் வந்த பிறகும் அந்த ஆட்கள் அவளைத் தேடி வருகிறார்கள். ஒருகாலத்தில் வளையத்தைக் கையில் போட்டுக்கொண்டு தலைநகருக்குள் நுழைந்த டெனார்தான் அவளை வளர்க்கிறாள். ஊர்க்காரர்கள் அந்தக் குழந்தையின் முகத்தைப் பார்க்க மாட்டாமல் திரும்பிக்கொள்கிறார்கள். லெ குவின் திரும்பிக்கொள்ளவில்லை.