விகதகுமாரனில் றோசி: ஒரு திறனாய்வு

ஒரு கலைஞரின் திறனை மதிப்பிடப் புகுவோர் முதலில் நாடுவது அவருடைய படைப்பினையே. பாட்டில்லாத புலவரையும் சிலையில்லாத சிற்பியையும் மதிப்பிட வழியில்லை என்பது பொதுக்கொள்கை. ஆயின், படைப்பு முற்றாக அழிந்த பின்னரும், அது மக்களிடையே எழுப்பிய எதிர்ப்பைக் கொண்டே அதன் பொருளை உணரத்தக்க நிகழ்ச்சிகள் கலை வரலாற்றிற் சிலவுள. மலையாளத்தின் முதற் கதைப்படமாகிய ‘விகதகுமாரன்’ என்னும் பேசாப்படமும், அதில் நாயகியாக நடித்த பி. கே. றோசியின் மிகக் குறுகிய கலைவாழ்வும் அத்தகையன. அவர் நடித்தது அவ்வொரு படமே. அதன் கதை இலங்கைத் தோட்டமொன்றினூடாகச் செல்வதால், மலையகத்தார் தனிக்கருத்துடன் நோக்கவேண்டியதாகவும் அது அமைகின்றது.

விகதகுமாரனை எழுதி, இயக்கி, அதில் நாயகனாகவும் நடித்தவர் ஜே. சி. டானியல். இன்று தமிழ்நாட்டின் பகுதியாகவுள்ள அகஸ்தீசுவரத்திற் பிறந்த அவர், தம் நிலத்தை விற்ற பணத்தைக் கொண்டு திருவனந்தபுரத்தில் படநிறுவனம் ஒன்றை அமைத்தார். படம் அந்நகரின் கப்பிற்றல் அரங்கில் முதலிற் காட்டப்பட்டது. ஆண்டு 1928 என்பாரும் 1930 என்பாரும் உளர். பெண்கள் திரையில் தோன்றுவது இழிவெனக் கருதப்பட்ட காலம் அது. 1913இல் வெளிவந்த தாதாசாகிப் பால்கேயின் ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் அரிச்சந்திரன் மனைவியாக நடித்தவரும் சாளுங்கே என்னும் ஆடவரே. டானியல் பம்பாயிலிருந்து நடிகையொருத்தியைப் பெற முயன்றார், அம்முயற்சி கைகூடவில்லை. அதன் பின்னரே றோசி நாயகியானார்.

ராஜம்மா என்னும் இயற்பெயருடைய றோசி, திருவனந்தபுரத்து நந்தன்கோட்டிற் புலையர் குடியில், வறுமையுற்ற குடும்பத்திற் பிறந்தவர். பிறந்த ஆண்டு 1903 என்பர். அவருக்கு நடிப்புப் புதியதன்று. தென் திருவிதாங்கூரில் வழங்கிய காக்காரிசி நாடகத்திற் பயின்றவர் அவர். சிவனும் பார்வதியும் காக்காலர் என்னும் நாடோடி மக்களாக மண்ணுக்கு வரும் கதையைப் பாட்டாலும் ஆட்டத்தாலும் நகைச்சுவையாலும் நடத்திக்காட்டும் கூத்து அது. பெண்வேடத்தையும் ஆடவரே புனைந்துவந்த அக்கூத்தில் ஒரு பெண் ஆடியமை சிறிய துணிவன்று. மலையகத் தோட்டங்களில் ஆடப்படும் காமன் கூத்தில், இரதியின் வேடத்தை ஆடவரே ஏற்றுவந்தமையை அறிந்தோர்க்கு இதன் அருமை எளிதில் விளங்கும்.

இனிப் படத்தின் கதையை நோக்கலாம். திருவிதாங்கூர்ச் செல்வர் ஒருவரின் மகனாகிய சந்திரகுமாரனைப் பூதநாதன் என்பான் கவர்ந்து இலங்கைக்குக் கொண்டுசெல்கின்றான். சிறுவன் தோட்டமொன்றிற் கூலியாளாக வளர்கின்றான். ஆங்கிலேய முதலாளியின் அன்பைப் பெற்றுத் தோட்டத்தை நடத்தும் துரையாகவே உயர்கின்றான். பின்னர், தூரத்து உறவினனான ஜெயச்சந்திரனுடன் தாய்நாடு திரும்புகின்றான். அங்கே சந்திரகுமாரனின் தங்கை சரோஜினியும் ஜெயச்சந்திரனும் காதல் கொள்கின்றனர். இறுதியில், முதுகிலுள்ள வடுவொன்றாற் சந்திரகுமாரன் இன்னானென்பது தெளிவாகிக் குடும்பம் ஒன்றுசேர்கின்றது. ‘விகதகுமாரன்’ என்பதன் பொருள் காணாமற்போன பிள்ளை என்பதாகும். நாயர் குலப்பெண்ணாகிய சரோஜினியின் வேடமே றோசி ஏற்றது.

இக்கதையில் மாறுகோலம் ஒன்றுண்டு. அதன் நடிப்பிலும் ஒன்றுண்டு. கதையில் உயர்குடிப் பிள்ளை கூலிக்கோலம் பூணுகின்றான். நடிப்பில் உழைக்குங் குடியிற் பிறந்த பெண் உயர்குடிக் கோலம் பூணுகின்றாள். முன்னதை அவையோர் ஏற்றனர், பின்னதைப் பொறுத்திலர். தோட்டத்துரைப் பதவி பெரும்பாலும் ஐரோப்பியர்க்கே உரியதாயிருந்த அந்நாளில், கூலிச்சிறுவன் துரையாவது நம்பற்கரிய நிகழ்ச்சி. ஆயினும், அவன் பிறப்பால் உயர்ந்தவன் என்பதை வடு மெய்ப்பிக்கவிருந்ததால், அந்த ஏற்றம் எவரையும் உறுத்தவில்லை. றோசியின் ஏற்றமோ சில நாழிகைத் திரைநிழலே, அதுவே பெருங்குற்றமாகிவிட்டது.

இதற்குரிய காரணம் திருவிதாங்கூரின் உடை வரலாற்றில் உள்ளது. அங்கே ஆடையும் அணியும் குலத்தை அறிவிக்கும் முத்திரைகளாக இருந்தன. நாடார் பெண்கள் மேலாடை அணியும் உரிமைக்காக நெடுங்காலம் போராடினர்; 1859இல் அரசு இசைந்தபோதும், மேற்குலப் பெண்களைப் போல அணியலாகாது என்னும் விலக்கையும் உடன் விதித்தது. 1915இற் கொல்லத்தை அடுத்த பெரிநாட்டிற் புலையர் பெண்கள் அடிமைச் சின்னமாயிருந்த கல்மாலைகளை அறுத்தெறிந்தனர். றோசி அணிந்த நாயர் கோலம் இவ்வரலாற்றின் தொடர்ச்சியாகவே அன்றைய அவையோர்க்குத் தோன்றியிருத்தல் வேண்டும். நாடகத்திற்கு வேடமாயிருந்தது, சமூகத்திற்கு வரம்புமீறலாயிற்று.

முதற் காட்சிக்கு றோசி அழைக்கப்படவில்லை. அவர் வந்தால் தாம் வாரோம் எனப் பெரியோர் மறுத்தனர் என்பர். நாயகன் நாயகியின் கூந்தல் மலரை முத்தமிட்ட காட்சியில் அவை கொதித்தெழுந்ததென்றும், திரையின்மீது கற்கள் வீசப்பட்டன என்றும், பின்னர் அவருடைய குடிசை எரிக்கப்பட்டதென்றும் கூறுவர். அவர் ஊரைவிட்டு லொறியொன்றில் ஏறித் தமிழ்நாட்டுப் பக்கம் சென்று, லொறிச் சாரதி ஒருவரை மணந்து, நாகர்கோவிலில் ராஜம்மாளாக வாழ்ந்தார். திரைக்கு அவர் மீளவில்லை.

படத்தின் பிரதி எதுவும் எஞ்சவில்லை. ஆதலால் றோசியின் முகபாவத்தையும் அபிநயத்தையும் பற்றி எழுதுவோர் கற்பனையையே எழுதுவர். எனினும் ஒன்று துணியலாம். அவருடைய நடிப்பு அவையோரை நம்பவைக்காத வெறும் பாவனையாக இருந்திருப்பின், அவர்கள் நகைத்து விட்டிருப்பர், சினந்திருக்கமாட்டார்.

பிற்காலம் இருவரையும் நினைவுகூர்ந்தது. ஆனால் ஒப்ப நினைவுகூரவில்லை. டானியல் பெயராற் கேரள அரசின் உயரிய திரைப்பட விருது 1992 முதல் வழங்கப்படுகின்றது. 2013இல் கமல் இயக்கிய ‘செல்லுலோயிட்’ டானியலின் வாழ்வையே முதன்மைப்படுத்தி, றோசியை அதன் துயரக் கிளையாக அமைத்தது. மலையாளத் திரைப்பெண்கள் அமைப்பொன்று 2019இல் றோசியின் பெயரால் திரைப்படச் சங்கம் நிறுவியமையே அவரைக் கலைஞராக முன்னிறுத்திய செயலாகும். இரங்குதல் வேறு, மதித்தல் வேறு. றோசிக்கு முன்னது மிகுதியாகக் கிடைத்தது. பின்னது தாமதமாகவே வந்தது.

கதையிற் காணாமற்போன மகனை ஒரு வடு மீட்டது. அவன் விட்டுவந்த தோட்டத்தில் எஞ்சியோர் பற்றிக் கதை மேலும் கேட்கவில்லை. அத்தகைய தோட்டங்களிற் காமன் கூத்தும் அருச்சுனன் தபசும் பொன்னர் சங்கரும் தலைமுறைதோறும் ஆடப்பட்டன. ஆடியோர் பலரின் பெயர்கள் எந்த ஏட்டிலும் ஏறவில்லை. முதிய கூத்தர் இன்னும் சிலர் லயங்களில் வாழ்கின்றனர். அவர்தம் பெயரையும் ஏற்ற வேடத்தையும் கேட்டு எழுதிவைத்தல் மலையக மாணவர் கைக்கெட்டிய பணி. றோசியின் வரலாற்றைப் பயில்வதன் பயன் அதுவே.