லட்சுமியின் வீடு

'மௌன ராகம்' (1986) படத்தில், கல்யாணமாகி டெல்லிக்கு வந்த திவ்யாவிடம் என்ன வேண்டும் என்று கணவன் கேட்கிறான். விவாகரத்து என்கிறாள். அப்படிக் கேட்ட ரேவதி நடிக்க வந்து, 'மண்வாசனை'யிலிருந்து கணக்கிட்டால், அப்போது மூன்று ஆண்டுகள்தான் ஆகியிருந்தன.

2002இல் அவர் முதன்முதலாக இயக்கிய 'மித்ர், மை ஃப்ரெண்ட்' படமும் அப்படியொரு வீட்டுக்குள்தான் நுழைகிறது. தமிழ்நாட்டிலிருந்து வாழ்க்கைப்பட்டு அமெரிக்கா போன லட்சுமி (ஷோபனா), அவள் கணவன் பிருத்வி, பதினேழு வயது மகள். மகளின் பெயர் திவ்யா. தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

லட்சுமியின் துயரத்தைப் புகாராகச் சொல்ல முடியாது. கணவன் கொடுமைக்காரன் அல்ல, பணத்துக்கும் குறைவில்லை. அவளோடு பேச வீட்டில் யாருக்கும் நேரமில்லை, அவ்வளவுதான். நம் படங்களில் காப்பி கொடுத்துவிட்டு உள்ளே போய்விடும் அம்மா இவள். ரேவதியின் கேமரா அவளோடு அடுக்களைக்குள் போய், வீடு காலியான பிறகும் அங்கேயே இருக்கிறது. மற்றவர்களின் கதைக்கு அழகு சேர்க்கும் வேடங்களையும் பல ஆண்டுகள் செய்த ஒருவருக்கு, எந்த இடத்தில் பெண்ணை விட்டுவிட்டுக் காட்சி நகர்ந்துவிடும் என்பது தெரியாமல் இருக்குமா?

ஆனால் முடிவோடு எனக்குச் சண்டை உண்டு. இணைய அரட்டையில் லட்சுமி மனம்விட்டுப் பேசிய முகமறியா நண்பன், கணவனேதான் என்று தெரியவருகிறது. படம் இதைக் காதலாகப் பார்க்கிறது. புதுச்சேரியில் மாணவிகளோடு பேசியபோது பலருக்கும் இந்த முடிவு பிடித்திருந்தது. அவள் தனக்கென்று வைத்திருந்த ஒரே அறையின் சாவியும் அவனிடம்தான் இருந்தது என்றே நான் படிக்கிறேன். திவ்யாவும் கடைசியில் கணவனிடம் திரும்பியவள்தானே.

கதை வி. பிரியா, திரைக்கதை சுதா கொங்கரா, ஒளிப்பதிவு ஃபௌசியா பாத்திமா, படத்தொகுப்பு பீனா பால். சிறந்த ஆங்கிலப் படம், நடிகை, படத்தொகுப்பு என மூன்று தேசிய விருதுகள். பிரியா 'கண்ட நாள் முதல்' எடுத்தார். சுதா 'இறுதிச்சுற்று' எடுத்தார். இருவரும் தமிழில் இயக்குநர்களானார்கள். ரேவதியோ 2004இல் 'ஃபிர் மிலேங்கே'யை இந்தியில் எடுத்தார். ஹெச்.ஐ.வி. தொற்றால் வேலையிழந்த பெண் நீதிமன்றம் போகும் கதை. அடுத்த முழுநீளப் படமான 'சலாம் வெங்கி'க்குப் பதினெட்டு ஆண்டுகள் ஆயின, அதுவும் இந்தி. இடையில் அவர் நடிப்பதை நிறுத்தவில்லை, நடிக்கக் கூப்பிடுவதைத் திரையுலகமும் நிறுத்தவில்லை. நடிகைக்குத் திறக்கும் கதவு இயக்குநருக்குத் திறப்பதில்லை. ஒரு படம் ஓடாவிட்டாலும் அடுத்த படத்துக்கு முதலாளி கிடைத்த நடிகர்-இயக்குநர்கள் எத்தனை பேர் என்று நீங்களே எண்ணிப் பாருங்கள்.

தமிழில் அவர் இயக்கிய 'குட் ஒய்ஃப்' 2025இல்தான் வந்தது. திரையரங்குக்கு அல்ல, ஓடிடிக்கு. அமெரிக்கத் தொடர் ஒன்றின் மறுஆக்கம். நாயகி பிரியாமணி, கணவனின் அவமானத்துக்குப் பிறகு மீண்டும் கறுப்புக் கோட்டை எடுத்து மாட்டுகிற ஒரு குடும்பத் தலைவி.