தென்னாபிரிக்காவின் பழைய தேசியக்கொடி: ஒரு மதிப்பீடு

நாட்டுக்கொடியொன்றை ஆராயப் புகுவோர் அதில் அமைந்த நிறங்களுக்கும் உருவங்களுக்கும் பொருள் கூறுவதோடு நின்றுவிடுதல் பெருவழக்கு. அதில் எவருக்கு இடமளிக்கப்படவில்லை என வினாவுவோர் அரியர். தென்னாபிரிக்காவில் 1928ஆம் ஆண்டு தொடக்கம் 1994ஆம் ஆண்டுவரை பறந்த கொடியை விளங்கிக்கொள்வதற்கு இவ்விரண்டாவது வினாவே இன்றியமையாதது.

மேலிருந்து கீழாகச் செம்மஞ்சள், வெள்ளை, நீலம் என்னும் மூன்று கிடைப்பட்டைகளைக் கொண்டது அக்கொடி. நடுவிலுள்ள வெண்பட்டையின் மத்தியில் மூன்று சிறு கொடிகள் அமைந்திருந்தன. இடையில் ஒறேஞ்சு சுதந்திர நாட்டின் கொடி நிலைக்குத்தாகத் தொங்கும். அதற்குக் கம்பப் பக்கத்தே பிரித்தானியரின் யூனியன் ஜாக். மறுபக்கத்தே திரான்சுவாலின் நால்வண்ணக்கொடி. பட்டைகளின் நிறங்கள் ஒல்லாந்தரின் பழைய 'இளவரசர் கொடி'யினின்றும் பெறப்பட்டவை. 1652இல் வான் றீபெக் நன்னம்பிக்கை முனையில் இறங்கியபோது ஏற்றிய கொடி அதுவே என நம்பப்பட்டது. அக்காலத்தில் ஒல்லாந்தர் செம்மஞ்சளுக்குப் பதிலாகச் சிவப்பைப் பெரிதும் கைக்கொண்டுவிட்டனராதலின் இந்நம்பிக்கை ஐயத்துக்குரியது. கொடியின் அடிநிறமே இவ்வாறு உறுதியற்ற வரலாற்றின்மேல் நிற்பது கவனிக்கத்தக்கது.

இத்தகையதொரு கொடி தோன்றியமைக்குக் காரணம் வெள்ளையர் இருசாராரிடை நிகழ்ந்த பூசலாகும். 1899 முதல் 1902 வரை நடந்த போரில் போயர்களின் இரு குடியரசுகளும் பிரித்தானியருக்குப் பணிந்தன. 1910இல் அவையிரண்டும், பிரித்தானியக் குடியேற்ற நாடுகளாயிருந்த நன்னம்பிக்கை முனையும் நேட்டாலும் இணைந்து ஒன்றியமாயின. பின்னர் ஹேட்சொக் பிரதமராயிருந்தபோது, உள்நாட்டமைச்சர் மலான் நாட்டுக்கெனத் தனிக்கொடி வேண்டுமெனச் சட்டமூலங் கொணர்ந்தார். யூனியன் ஜாக் நீங்கிவிடுமோ என அஞ்சிய நேட்டால் ஆங்கிலேயர் ஒன்றியத்தினின்றும் பிரிந்துசெல்வோம் என்றுகூட அச்சுறுத்தினர். ஈற்றில் 1927இல் இணக்கம் ஏற்பட்டது. போரிலே தோற்ற இரு குடியரசுகளின் கொடிகளும் வென்றவரின் கொடியும் ஒரே வெண்பட்டையில் ஏறின.

கலைநோக்கில் இதனைச் சிறந்த படைப்பெனக் கொள்ளுதல் அரிது. சற்றுத் தொலைவில் நின்று பார்ப்பவர்க்கு அச்சிறு கொடிகள் மூன்றும் வெறும் கறைகளாகவே தோன்றும். அன்றியும், ஒறேஞ்சு நாட்டுக் கொடியின் மூலையில் ஒல்லாந்தரின் மூவண்ணக்கொடியும் உண்டு. கொடிக்குள் ஒரு கொடி, அதற்குள்ளும் ஒரு கொடி! மூன்றனுள் எது முதன்மை பெறுவது என்னும் சிக்கலும் தீர்க்கப்படவேண்டியிருந்தது. யூனியன் ஜாக் கம்பத்துக்கு அண்மையில் மதிப்புக்குரிய இடத்தைப் பெற்றது. ஆயின் அது நடுக்கொடியினின்றும் கம்பத்தை நோக்கி, வழமைக்கு மாறான திசையில் விரிந்து கிடந்தது. வழக்கறிஞர் வரைந்த உடன்படிக்கையொன்றை நிறந்தீட்டித் துணியில் விரித்தாற்போன்றது இவ்வமைப்பு.

அவ்வுடன்படிக்கையிற் கையொப்பமிட அழைக்கப்படாதார் யாவர்? வெள்ளையர் அந்நாட்டு மக்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கினரே. பெரும்பான்மையோரான ஆபிரிக்கருக்குக் கொடியில் ஒரு நூலிழையேனும் இல்லை. ஒன்றியத்தின் நாடாளுமன்றத்தில் வெள்ளையரே அமரலாம் என்பது சட்டமாதலின், கொடிபற்றிய வாதத்தில் அவர்கள் தம் குரலை எழுப்பவும் வழியிருக்கவில்லை. நேட்டாலின் நிலையோ இன்னும் வியப்புக்குரியது. 1860இல் சென்னையிலிருந்து 'துரூரோ' என்னும் கப்பல் டேர்பன் துறையை அடைந்தது முதல், தமிழர் உள்ளிட்ட இந்தியத் தொழிலாளர் அங்குக் கரும்புத் தோட்டங்களில் உழைத்துவந்தனர். யூனியன் ஜாக்குக்காக ஒன்றியத்தையே துறக்கத் துணிந்த அம்மாகாணத்தார், தம் அயலில் வாழ்ந்த இம்மக்களும் ஒரு கொடிக்கு உரியவரே என எண்ணினாரல்லர். நாட்டில் வாழ்வோருக்கன்றி, அரசை முடக்க வல்லாருக்கே அக்கொடியில் இடம் பகிரப்பட்டது.

அக்கொடிக்காகப் பரிந்து பேசுவோர் கூறும் நியாயம் ஒன்றுண்டு. நிறவொதுக்கற் கொள்கையை அறிவித்த கட்சி ஆட்சிக்கு வந்தது 1948இல். கொடி அதற்கு இருபது ஆண்டு முந்தியது. ஆகவே பின்னவர் செய்த பிழையை அதன்மேற் சுமத்துதல் தகாது என்பர். ஆண்டுக்கணக்கு சரியே. எனினும் 1913ஆம் ஆண்டு நிலச் சட்டம் ஆபிரிக்கருக்கு நூற்றுக்கு 7 அளவான நிலத்தையே ஒதுக்கியதென்பதை அவர்கள் மறந்துவிடுகின்றனர். 1948இல் ஆட்சிக்கு வந்தோர் அக்கொடியை மாற்றவேண்டிய தேவை எழாமையே அதன் இயல்பைக் காட்டும். வெர்வூட் அதிலிருந்து நீக்க விரும்பியதும் சிறு கொடிகளையே. ஆபிரிக்கருக்கு இடந்தருதல் அவர் கருத்தன்று.

நாட்களின் தெரிவும் இதற்குச் சான்று பகரும். போரை முடித்த உடன்படிக்கை 1902 மே 31இல் ஒப்பமிடப்பட்டது. ஒன்றியம் 1910 மே 31இல் உதயமாயிற்று. புதுக்கொடி ஏறியது 1928 மே 31இல். குடியரசு பிரகடனமானது 1961 மே 31இல். இந்நான்கும் வெள்ளையர் தம்முட் கொண்ட உறவின் நாட்களே. 1957 வரை யூனியன் ஜாக் தனியாகவும் அருகில் பறந்தது. குடியரசாகிப் பொதுநலவாயத்தை விட்டு விலகிய பின்னரும் சிறு வடிவில் அது கொடிக்குள் நிலைத்தமை நகைப்புக்கிடமானது.

1994 ஏப்ரல் 27இல், எல்லா இனத்தவரும் வாக்களித்த முதற்றேர்தலின்போது, பிரெடெரிக் பிறௌனெல் வரைந்த ஆறு நிறக்கொடி ஏற்றப்பட்டது. அதன் நிறங்களுக்கு அரசு பொருள் எதனையும் விதிக்கவில்லை. ஒவ்வொரு சின்னத்துக்கும் உரிமையாளர் இருந்த பழைய கொடியோடு ஒப்பிடுமிடத்து இவ்வடக்கம் போற்றத்தக்கது.

பழைய கொடி அத்துடன் மறைந்துவிடவில்லை. 2017இல் ஆர்ப்பாட்டங்களில் அது மீண்டும் தென்பட்டதையடுத்து, நெல்சன் மண்டேலா மன்றம் வழக்குத் தொடுத்தது. தக்க காரணமின்றி அதனைக் காட்சிப்படுத்தல் வெறுப்புப் பேச்சாகும் எனச் சமத்துவ நீதிமன்றம் 2019 ஓகத்து 21இல் தீர்ப்பளித்தது. பொதுவிடங்களைப் பொறுத்தவரை அத்தீர்ப்பை மேன்முறையீட்டு உயர் நீதிமன்றமும் 2023இல் உறுதிசெய்தது. கலை, கல்வி, பத்திரிகைத்தொழில் ஆகியவற்றின் பொருட்டு அதனைக் காட்டுதற்குத் தடையில்லை.