முதல் நடிகை என்னும் பெயர்: ஹனாயாகி ஹருமியும் ஜப்பானிய மௌனப்படமும்

ஜப்பானியத் திரைப்பட வரலாற்று நூல்கள் பலவும் ஹனாயாகி ஹருமியை (1896–1962) அந்நாட்டின் முதல் திரைப்பட நடிகை எனக் குறிக்கின்றன. அக்குறிப்பு பெரும்பாலும் ஒரு தொடரோடு முடிந்துவிடுகிறது. முதன்மை என்பது இங்குக் காலத்தைச் சுட்டுகிறதா, கலையைச் சுட்டுகிறதா என்பது ஆராயத்தக்கது.

பெண்வேட மரபு

1629 இல் தோக்குகாவா அரசு பெண்கள் கபுகி மேடையேறுவதைத் தடைசெய்தது. அதன்பின் ஆண்களே பெண்வேடம் ஏற்றனர். ஒன்னகத்தா, ஒயாமா என அவர்கள் அழைக்கப்பெற்றனர். திரைப்படம் வந்தபோது அம்மரபும் உடன்வந்தது. நாடகக் காட்சியைத் தொலைவில் நின்று அசையாமல் பதிவுசெய்த படக்கருவிக்கு வேடதாரியின் முகம் இடையூறாகவில்லை. பென்ஷி எனப்பட்ட உரையாளர் திரையருகே நின்று கதையை விளக்கியதோடு பாத்திரங்களின் பேச்சையும் பேசினார். ஆகவே பெண்பாத்திரத்தின் உடல், குரல் ஆகிய இரண்டும் பெரும்பாலும் ஆண்களிடமே இருந்தன.

எனினும், அக்காலத் திரையில் பெண்களே இல்லை எனக் கொள்ளுதல் பொருந்தாது. பெண்கள் கபுகிக் குழுவைச் சார்ந்த நகமுரா கசென் 1908 இலேயே படத்தில் தோன்றியுள்ளார். கால அடிப்படையில் நோக்கின் ஹருமி முதல்வர் அல்லர்.

ஹருமியின் இடம்

புதிய நாடக மேடையில் பயின்ற ஹருமி, கயேரியமா நோரிமசா இயக்கிய ‘செய் நோ ககயாகி’ (வாழ்வின் ஒளி) என்னும் படத்தில் தலைவியாக நடித்தார். 1918 இல் உருவான இப்படம் 1919 செப்டம்பரில் வெளிவந்தது. பெண்பாத்திரத்திற்குப் பெண், அண்மைக்காட்சி, திரையில் எழுத்தாக வரும் உரையாடல் ஆகிய மூன்றையும் கயேரியமா வலியுறுத்தினார். இவற்றைத் தனித்தனிச் சீர்திருத்தங்களாக எண்ணுவது வழக்கம். உண்மையில் இவை ஒன்றையொன்று சார்ந்தவை. அண்மைக்காட்சி வேடத்தின் ஒப்பனையை வெளிப்படுத்திவிடும். உரையாடலை எழுத்து ஏற்குமாயின் உரையாளரின் குரல் பின்தங்கும். அவ்விடத்தில் உணர்ச்சியைத் தாங்கவேண்டியது முகமே. எனவே நடிகையின் வரவு இயக்குநர் அளித்த கொடையன்று. புதிய திரைமொழிக்கு அதுவே அடிப்படைத் தேவை. கசெனின் படம் மேடையின் நீட்சியாக அமைந்தது. ஹருமியின் படமோ படக்கருவியை எண்ணி அமைக்கப்பட்டது. வேறுபாடு இதுவே.

இம்மாற்றம் விரைவில் வேரூன்றியது. 1921 இல் ஷோசிக்கு நிறுவனப் படத்தில் அறிமுகமான குரிஷிமா சுமிகோ பெரும்புகழ் பெற்றார். 1922 இல் நிக்கட்சு நிறுவனத்தின் ஒயாமா நடிகர் பலர் கூட்டாக விலகினர்.

முடிவுரை

‘செய் நோ ககயாகி’ படச்சுருள் இன்று கிடைக்கவில்லை. இயக்குநரின் கொள்கையை அவர் 1917 இல் எழுதிய நூல்வழி அறிய முடிகிறது. நடிகையின் கலையோ படத்தோடு மறைந்தது. இதனால் திறனாய்வு, எழுதியவருக்கு முழுப் பெருமையையும் நடித்தவருக்கு ஒரு பட்டத்தையும் வழங்கி அமைந்துவிடுகிறது. ‘முதல் நடிகை’ என்பதைத் திரைமொழி மாறிய காலத்தின் குறியாகக் கொள்வதே முறை. அவ்வாறு கொண்டால் கசெனுக்கு உரிய இடமும் மறுக்கப்படாது. காணக்கிடைக்காத நடிப்பைப் பட்டத்தால் மதிப்பிடும் பிழையும் நேராது.