மாமா என்கிற எஜமான்

அப்துல்ரசாக் குர்னாவின் 'பாரடைஸ்' (1994) நாவலில் என்னை மிகவும் தொந்தரவு செய்த சொல் 'மாமா'. பன்னிரண்டு வயது யூசுப்பை அவன் அப்பா அசீஸ் மாமாவோடு ரயிலேற்றி அனுப்புகிறார். கடற்கரை ஊருக்குப் போன பிறகு, கடையில் இருக்கும் கலீல்தான் விஷயத்தைப் போட்டு உடைக்கிறான். அவர் மாமாவும் இல்லை, ஒண்ணும் இல்லை. அப்பா பட்ட கடனுக்கு யூசுப் அடகு. ஸ்வாஹிலியில் அதற்குப் பெயரே இருக்கிறது: ரெஹானி.

அடிமைமுறை என்றதும் நமக்குக் கப்பலும் சங்கிலியும் அட்லாண்டிக்கும்தான் ஞாபகம் வருகின்றன. இந்த அசீஸ் வாசனைத் திரவியம் மணக்க வருபவர், பதறாமல் பேசுபவர், புறப்படும்போது பையன் கையில் காசு வைப்பவர். குர்ஆனில் யூசுப்பை விலைக்கு வாங்குபவரும் அசீஸ்தான். ஆனால் அந்த யூசுப் அதிகாரத்துக்கு உயர்கிறார். இவனுக்கு அது வாய்க்கவில்லை.

ஆன்லைன்ல இந்தப் பேச்சு எடுத்தாலே ரெண்டு கட்சி. அரபு வணிகர்களைக் காட்டி ஐரோப்பியரைத் தப்பிக்க விடுகிறவர்கள் ஒரு பக்கம். 'அங்கெல்லாம் வீட்டுப் பிள்ளை மாதிரி வெச்சிருந்தாங்க' என்பவர்கள் இன்னொரு பக்கம். இரண்டாவது கட்சிக்குத் தோட்டக்காரக் கிழவர் ம்ஸே ஹம்தானி போதும். எஜமானி விடுதலை தருகிறேன் என்றபோது அவர் வாங்கிக்கொள்ளவில்லை. அதைக் கொடுக்க அது அவளிடம் எப்போது இருந்தது என்பது அவர் கேள்வி. இதை விசுவாசம் என்று வாசிப்பவர்கள் உண்டு. எனக்கு அது நாவலிலேயே ஆகத் திமிரான பதில்.

முதல் கட்சிக்கு நாவலின் முடிவு இருக்கிறது. யூசுப் கடைசியில் ஜெர்மன் படையின் அஸ்கரிகள் பின்னால் ஓடுகிறான். அந்த ஜெர்மானியர் தங்கள் கிழக்கு ஆப்பிரிக்காவில் அடிமைமுறையை முழுசாக ஒழிக்கவே இல்லை. அது சட்டப்படி முடிந்தது 1922இல், பிரிட்டிஷ் ஆட்சியில்.

என் புகார் ஆமினாவைப் பற்றியது. எதிரே இருக்கும் சான்சிபாரில் 1897இல் அடிமைமுறைக்கான சட்ட அங்கீகாரத்தை நீக்கிய ஆணை, காமக்கிழத்தியராக வைக்கப்பட்ட பெண்களை விட்டுவிட்டது. அவர்கள் 1909 வரை காத்திருந்தார்கள். கலீலின் தங்கையாக வளர்ந்த ஆமினா கடனுக்காகவே அசீஸின் மனைவியானவள். அவளை எந்த ஆணையும் அடிமை என்று எண்ணாது. அவள் கதையில்தான் இந்த முறையின் ஆழம் இருக்கிறது. குர்னாவோ அவளைச் சுவருக்குப் பின்னால் வெகுநேரம் நிறுத்திவைத்து, நாவல் முடியப்போகும் நேரத்தில்தான் பேச விடுகிறார். அவள் பேசி முடித்ததும் யூசுப் ஓடிவிடுகிறான். அவள் அதே வீட்டில் இருக்கிறாள்.